நேற்றைய தடத்தை நம்பாதீர்கள்

கனடாவின் வடகோடியில், நூனவூட் பகுதிச் சிற்றூர்களில் முறைவைத்துப் பணியாற்றும் மருத்துவன் நான். வேலைக்காக இங்கே வரும் நம் பிள்ளைகள் முதலில் கேட்பது, "எவ்வளவு குளிரும், டாக்டர்?" என்பதுதான். குளிரை உடையால் சமாளித்துவிடலாம். எனக்குப் பயம் காலுக்கு அடியில் உறைந்து கிடக்கும் கடலைப் பற்றி.

ஓர் ஏப்ரலில் இளைஞர் ஒருவரைத் தூக்கி வந்தார்கள். முந்தைய நாள் ஸ்னோமொபைல் என்னும் பனிவண்டியில் போன அதே தடத்தில் திரும்பியிருக்கிறார். இரு தீவுகளுக்கு இடையே குறுகலான இடம். நீரோட்டம் பனியை அடியிலிருந்து அரித்துக்கொண்டே இருக்கும். மேலே புதுப்பனி விழுந்திருந்ததால் எதுவும் தெரியவில்லை. வண்டி மூழ்கிவிட்டது. அவர் எப்படியோ கரையேறிவிட்டார். ஒரு கையின் உறை கழலவே இல்லை, கத்தரியால் வெட்டினேன். விரல்கள் மெழுகாக வெளுத்து, கட்டையாக இறுகியிருந்தன. இன்னொரு கையை, கூட வந்தவர் பனியை அள்ளித் தேய்த்துத் தோலை உரித்துவிட்டிருந்தார். எல்லாம் நல்லெண்ணம்தான்.

கடல்நீர் மைனஸ் 1.8 டிகிரி வாக்கில் உறைகிறது. உறையும்போது உப்புநீர் சிறு குழிகளில் சிக்கிக்கொள்வதால், அதே கனமுள்ள ஏரிப்பனியின் வலு கடல்பனிக்குக் கிடையாது. புதிதாக உறைந்தது காலடியில் வளைந்து கொடுக்கும். அதை உறுதி என்று நினைத்துவிடுகிறோம். அதன் மேல் புதுப்பனி விழுந்து குவிந்தால் போர்வை போர்த்தியது போல்தான், எவ்வளவு குளிரடித்தாலும் கீழே கனம் மெதுவாகத்தான் ஏறும். கரையை விட்டு விலகினால் இன்னும் மோசம், தரையே நகரும். 1827இல் வட துருவம் நோக்கி நடந்த பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி எட்வர்டு பாரியைப் பனி தெற்கே இழுத்துக்கொண்டே இருந்தது. துருவத்தை எட்டாமலே, 82 டிகிரி 45 நிமிட வட அட்சரேகையோடு திரும்பினார்.

விழுந்துவிட்டால்? கனடாவின் மானிட்டோபா பல்கலைக்கழகத்தில் குளிர் உடம்பை என்ன செய்யும் என்று ஆராய்ந்த கோர்டன் கீஸ்பிரெக்ட் சொல்லும் கணக்கை மனப்பாடம் செய்யுங்கள்: மூச்சை நிலைப்படுத்த 1 நிமிடம், கைகால் சொன்னபடி கேட்க 10 நிமிடம், நினைவு தப்ப ஏறக்குறைய 1 மணி நேரம். வந்த திசைக்கே திரும்புங்கள். உங்களைச் சுமந்த பனி அதுதான். காலை உதைத்து, வயிற்றால் ஊர்ந்து ஏறி, எழுந்து நிற்காமல் உருண்டு விலகுங்கள். மாற்றுடை நீர் புகாத பையில், உடம்போடு இருக்கட்டும். வண்டியில் வைத்தால் அதுவும் கடலுக்குள் போய்விடும்.

மீட்டவரை நடக்கவிடாதீர்கள். குளிர்ந்த இதயம் சிறு குலுக்கலுக்கே தடுமாறும், படுக்கவைத்தே கொண்டுவாருங்கள். விறைத்த விரலைத் தேய்க்காதீர்கள். வழியில் மறுபடி உறையும் என்றால் உருக்கவும் வேண்டாம்.

ஒருமுறை இவ்வூர்ப் பூர்வகுடியான இனுயிட் முதியவர் ஒருவரோடு பனியில் நடந்தேன். கையில் கடப்பாரை போன்ற நீண்ட உளி. நாலு அடிக்கு ஒருமுறை நின்று குத்துவார். எனக்குச் சலித்தேவிட்டது. ஓரிடத்தில் ஒரே குத்தில் முனை இறங்கி, ஈரத்தோடு வெளியே வந்தது. அவர் ஒன்றும் பேசவில்லை. திரும்பி, எங்கள் காலடித் தடத்தையும் குத்திக் குத்திப் பார்த்தபடியே ஊருக்கு நடந்தார்.