எடுப்பதற்கு முன் ஒரு படம்: லயத்து மண்ணுக்குள் இருக்கும் நம் வரலாறு

தோட்டத்தில் கான் (வடிகால்) வெட்டும்போது ஒரு பழைய காசு. கக்கூஸ் குழி தோண்டும்போது ஒரு கல் குப்பி. லயம், அதாவது தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடு, இடிக்கும்போது சுவர் இடுக்கிலிருந்து ஒரு தகரத் துண்டு. இப்படிக் கிடைத்ததை நன்றாகக் கழுவித் துடைத்து, பேப்பரில் வைத்துப் படம் பிடித்து வட்ஸ்அப்பில் அனுப்புகிறார்கள். கூடவே இரண்டு கேள்விகள் வரும்: எத்தனை வருஷம் பழசு, என்ன விலை போகும்? விலை பற்றி நான் பேசுவதில்லை. வயதை ஓரளவு சொல்லலாம். ஆனால் நான் திருப்பிக் கேட்பதற்குத்தான் பெரும்பாலும் பதில் கிடைப்பதில்லை. எந்த இடத்தில், எவ்வளவு ஆழத்தில், பக்கத்தில் வேறு என்ன கிடந்தது?

தொல்லியலில் பாதி வேலை அந்தக் கேள்வியில்தான் இருக்கிறது. ஒரு விஸ்கிப் போத்தலை எடுத்துக்கொள்ளுங்கள். துரை பங்களாவுக்குப் பின்னால் குப்பைக் குழியில் கிடந்தால், குடித்துவிட்டு எறிந்தது என்று சொல்லலாம். அதே போத்தல் லயத்துக் காமிராவின், அதாவது ஒரு குடும்பம் இருந்த அறையின், அடுப்படி மண்ணில், கழுத்தில் கரி படிந்து கிடந்தால், யாரோ அதைக் கொண்டுவந்து திரி போட்டுக் குப்பி விளக்காக எரித்திருக்கிறார்கள். போத்தல் ஒன்றுதான், அது சொல்லும் கதை இரண்டு. அந்தக் கரியைக் கழுவி, இடத்தையும் மறந்துவிட்டால் மிஞ்சுவது பழைய சாமான் கடைக்குப் போகும் ஒரு போத்தல் மட்டும்.

இலங்கையின் மலையகத்தில் இது மற்ற இடங்களைவிட முக்கியம் என்று நான் நினைக்கிறேன். 1820களில் கம்பளைப் பக்கம் கோப்பித் தோட்டம் தொடங்கிய காலத்திலிருந்து, தென்னிந்தியாவிலிருந்து வேலைக்கு வந்த நம் ஆட்களைப் பற்றி எழுதப்பட்டதில் பெரும்பகுதி நம்மை எண்ணியவர்களும் வேலை வாங்கியவர்களும் எழுதியது. செக்ரோல் என்ற வேலைப் பதிவேடு, கடன் கணக்கு, கப்பல் கணக்கு, துரைமாரின் கடிதங்கள். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காமிராவில் அடுப்பை எந்த மூலையில் வைத்தார்கள், எந்தச் சட்டியில் ஆக்கினார்கள், பிள்ளை எதை வைத்து விளையாடியது, இதையெல்லாம் எழுதிவைக்க அவர்களுக்குத் தோன்றவில்லை. இலங்கையிலுள்ள வெள்ளைக்காரர் கல்லறை எழுத்துகளை ஜே. பென்ரி லூயிஸ் 1913ஆம் ஆண்டிலேயே தொகுத்து வெளியிட்டுவிட்டார். நம் பாட்டன் பாட்டியைப் புதைத்த இடத்தில் ஒரு நட்ட கல் இருக்கும், அல்லது ஒரு குரோட்டன் செடி. மேலே தேயிலை வைத்த இடங்களும் உண்டு. எழுத்தில் இல்லாத இந்த வாழ்க்கை மண்ணில்தான் இருக்கிறது.

சரி, வயதை எப்படிப் பார்ப்பது? "கார்பன் டெஸ்ட் பண்ண முடியாதா?" என்று எல்லோரும் கேட்கிறார்கள். வில்லார்ட் லிபியின் குழு 1949இல் கொண்டுவந்த முறை அது. உயிருள்ளவற்றில் இருக்கும் கதிரியக்கக் கார்பன், உயிர் போனபின் சுமார் 5,730 ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகக் குறையும் என்பது அடிப்படை. ஆதிமனிதர் வாழ்ந்த கித்துல்கல பெலிலெனக் குகையில் கிடைக்கும் அடுப்புக் கரிக்கு அது அருமையான கருவி. ஆனால் கடந்த இருநூறு, முந்நூறு வருஷத்துப் பொருளுக்கு அது தரும் விடை மிக அகலமாக இருக்கும். லயத்துக் குப்பைக்கு அதில் பலனில்லை.

லயத்துக் குப்பையில் வயதைச் சொல்வது கண்ணாடியும் பீங்கானும் காசும்தான். போத்தலின் பக்கத்தில் ஓடும் ஒட்டுக் கோடு வாய் விளிம்பு வரை ஏறியிருந்தால் பெரும்பாலும் அது இயந்திரத்தில் செய்தது. முழுத் தானியங்கிப் போத்தல் இயந்திரம் வந்தது 1903 அளவில். பீங்கானின் அடியில் சாய்சதுர முத்திரை இருந்தால் 1842க்கும் 1883க்கும் இடையில் பிரித்தானியாவில் பதிவான வடிவம். 'இங்கிலாந்து' என்று நாட்டுப் பெயர் அச்சிட்டிருந்தால் பெரும்பாலும் 1891க்குப் பிந்தியது. காசில் ஒரு கவனம் வேண்டும். ஓர் அடுக்கில் 1890ஆம் ஆண்டுக் காசு கிடந்தால் அந்த அடுக்கு 1890க்கு முந்தியதாக இருக்க முடியாது. ஐம்பது வருஷம் பிந்தியதாகத் தாராளமாக இருக்கலாம், ஏனென்றால் காசு கைமாறிக்கொண்டே இருக்கும். இதை மறந்துவிட்டு 'லயம் 1890இல் கட்டியது' என்று எழுதிய பதிவுகளை நான் அடிக்கடி பார்க்கிறேன்.

அப்புறம், நம் ஊரின் சரிவு. ஆழத்தில் இருப்பது பழசு, மேலே இருப்பது புதுசு என்ற விதி சமதரையில் பெரும்பாலும் சரிவரும். மலையில் மேட்டு மண்ணின் மேல் தோல் முதலில் அரித்துக் கீழே படியும். அதற்குப் பிறகு அடியிலிருந்த பழைய மண் வந்து அதன் மேல் படியும். அடுக்கே தலைகீழாகிவிடும். இதற்கு மேல் மனிதரின் வேலை வேறு. 1869இல் கண்டறியப்பட்ட இலை நோயால் கோப்பி அழிந்தபோது, அந்த நிலமே கிளறித் தேயிலை நிலமானது. அதனால் தேயிலை மலையில் ஒரு பொருளைக் கண்டால் அது அங்கே வைக்கப்பட்டதா, உருண்டு வந்ததா, குப்பையோடு கொட்டப்பட்டதா என்று கேட்காமல் அடுத்த அடி வைக்கக் கூடாது.

அமெரிக்கத் தொல்லியலாளர் மைக்கேல் ஷிஃபர் 1970களில் வற்புறுத்தியது இதைத்தான். நாம் தோண்டிப் பார்ப்பது அன்றைய வாழ்க்கையை அல்ல, அந்த வாழ்க்கை மண்ணாக மாறிய விதத்தை. கைவிடப்பட்ட லயங்களில் இந்தக் கருத்து எனக்கு மிகவும் உதவுகிறது. திட்டமிட்டுப் போனவர்கள் பயன்படும் எதையும் விட்டுப் போவதில்லை. தோட்டத் தமிழரில் ஒரு பகுதியினரை இந்தியாவுக்கு அனுப்ப இரு நாடுகளும் செய்த 1964ஆம் ஆண்டு சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்கீழ் போன குடும்பங்கள் பித்தளைக் குடம், பெட்டி, கத்தி எல்லாவற்றையும் கட்டிக்கொண்டோ விற்றோ போயிருப்பார்கள். தூக்க முடியாத அம்மியும் உரலும்தான் மிஞ்சும். 1977இலும் 1983இலும் தமிழருக்கு எதிரான கலவரங்களில் நடந்ததுபோல் இரவோடிரவாக ஓடியவர்களின் காமிராவில் நிலைமை வேறு. உடையாத சட்டி, கூர் போகாத கவ்வாத்துக் கத்தி (தேயிலைச் செடியை வெட்டிவிடும் கத்தி), பிள்ளையின் சிலேட்டு. இன்னும் பயன்படக்கூடிய பொருள் கிடந்தால், அதை விட்டுப்போனவர் திரும்பி வர நினைத்திருக்கிறார், அல்லது எடுக்க நேரமில்லாமல் போயிருக்கிறார். ஆனால் உடனே முடிவுக்கு வரவும் முடியாது. பின்னால் வந்தவர்கள் பொறுக்கியிருக்கலாம், கூரைத் தகரத்துக்காக ஆட்கள் புகுந்திருக்கலாம். எந்தெந்த மூலையில் என்னென்ன கிடந்தது என்ற குறிப்பு இருந்தால்தான் இவற்றைப் பிரித்தறியலாம்.

ஒரே குப்பை மேட்டிடம் வெவ்வேறு தலைமுறை ஆய்வாளர்கள் வெவ்வேறு கேள்வி கேட்டிருக்கிறார்கள். பழைய ஆட்கள் பானை எந்த வகை, எந்தக் காலம் என்று அடுக்கி வைத்தார்கள். 1960களில் லூயிஸ் பின்ஃபோர்ட் முதலியோர், மக்கள் எப்படிப் பிழைத்தார்கள், சூழலுக்கு எப்படி ஈடுகொடுத்தார்கள் என்று சோதித்துப் பார்க்கக்கூடிய விடை தேடினார்கள். 1980களில் இயன் ஹொடர் தரப்பு, அந்தப் பொருளுக்கு அவர்கள் என்ன அர்த்தம் வைத்திருந்தார்கள் என்று கேட்டது. எனக்கு மூன்றும் வேண்டும். தேயிலை மலையில் மரத்தடிக் கல்லையும் சூலத்தையும் அளந்து, வகைப்படுத்தி, படம் வரைந்துவிடலாம். அது தோட்டத்து மக்கள் கும்பிடும் ரோதமுனியா, கவ்வாத்துசாமியா, எதற்குப் பயந்து, எதை வேண்டி அங்கே நட்டார்கள் என்பதை அளவுகோல் சொல்லாது. அந்த டிவிஷனில் (தோட்டத்தின் பிரிவில்) கொழுந்தெடுத்த ஒரு பாட்டியிடம்தான் கேட்க வேண்டும்.

பாட்டியிடம் கேட்பதை நான் தொல்லியலின் பகுதியாகவே வைத்திருக்கிறேன். நினைவும் மண்ணும் சில சமயம் ஒத்துப்போகாது. அரிசோனா பல்கலைக்கழகத்தில் வில்லியம் ரத்ஜே 1970களில் தொடங்கிய குப்பை ஆய்வில், வீட்டார் குடித்ததாகச் சொன்ன பியரைவிடக் குப்பையில் அதிகமான டின்கள் இருந்தன. யாரும் வேண்டுமென்று பொய் சொல்ல வேண்டியதில்லை, மனித மனம் அப்படித்தான் நினைவு வைக்கும். இரண்டும் முரண்படும் இடத்தில்தான் நல்ல கேள்வி பிறக்கிறது.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். பானையைப் பார்த்து இனத்தைச் சொல்லாதீர்கள். தம்புள்ளைக்கு அருகே இப்பன்கட்டுவவில் கற்பலகைகளை நிறுத்திக் கட்டிய ஈமக் கிடங்குகள் உள்ளன. கறுப்பு–சிவப்புப் பானைகளும் இந்தியாவிலிருந்து வந்த சூதுபவள மணிகளும் அங்கே கிடைத்தன. தென்னிந்தியாவில் இருக்கும் ஈம முறையோடு அதற்கு உறவு உண்டு. அந்த உறவு, அங்கே புதைக்கப்பட்டவர் எந்த மொழி பேசினார் என்று சொல்லாது. மணி வியாபாரத்தில் வரும், பழக்கம் கல்யாணத்தில் வரும். 'இது நம்மளோடது' என்று பதிவு போடும் எந்தத் தரப்பும் இந்த இடத்தில் நிதானிக்க வேண்டும். இந்த நாட்டில் அந்த அவசரத்துக்கு மக்கள் விலை கொடுத்திருக்கிறார்கள்.

யூகத்தைச் சோதிப்பது எப்படி என்பதற்கு பலாங்கொடைப் பக்கம் சமனலவெவவைக் காட்டுவேன். மேற்குப் பார்த்த மலைச் சரிவுகளில் பழைய இரும்பு உலைகளும், இரும்பு உருக்கும்போது மிஞ்சும் கழிவான இரும்புக்கிட்டமும் கிடைத்தன. துருத்தி இல்லாமல் வெறும் காற்றால் இரும்பு உருக்க முடியாது என்றுதான் பலரும் நம்பியிருந்தார்கள். தொல்லியலாளர் ஜில் ஜூலெஃப் 1994இல் அதேபோல் உலை கட்டி, பருவக் காற்று வீசும் காலத்தில் மூட்டிப் பார்த்தார். உலையின் முன்சுவருக்கு மேல் காற்று பாயும்போது உண்டாகும் அழுத்த வேறுபாடு காற்றை உள்ளே இழுத்தது, இரும்பு வந்தது. 1996இல் முடிவுகள் வெளியாயின. அந்தப் பக்கத் தோட்டங்களில் கறுப்பாக, கனமாக, குமிழி விட்ட கல் கிடைத்தால் எறிந்துவிடாதீர்கள்.

இலங்கைச் சட்டத்தில் ஓர் ஓட்டை இருக்கிறது. 1940ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தொல்பொருள் கட்டளைச் சட்டம் 1815 மார்ச் 2க்கு முந்தியதைத்தான் தானாகவே தொல்பொருளாகக் கொள்கிறது. கண்டி இராச்சியம் பிரித்தானியரின் கைக்குப் போன கண்டி ஒப்பந்தத்தின் நாள் அது. நம் ஆட்கள் தோட்டத்துக்கு வந்ததே அதற்குப் பிறகு. ஆக லயம், வேலைக்கு ஆள் கூட்டும் பெரட்டுக்களம், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக்காமிரா எதுவும் தானாக அந்தப் பாதுகாப்புக்குள் வராது. பிந்திய கட்டடங்களை வர்த்தமானியில் அறிவித்துப் பாதுகாக்க வழியுண்டு, யாராவது கேட்டால்தான் அது நடக்கும். புதையல் தேடி, அனுமதி இல்லாமல் தோண்டுவது குற்றம் என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். பூசாரி சொன்னார், கனவில் வந்தது என்று போய் மாட்டிக்கொண்ட பையன்கள் இருக்கிறார்கள்.

பழைய பொருள் கண்ணில் பட்டால், கையை வைக்கும் முன் கிடந்தபடியே படம் எடுங்கள். பக்கத்தில் ஒரு பத்து ரூபாய்க் காசை வையுங்கள், அளவு தெரியும். தூரத்திலிருந்து இன்னொரு படம். தோட்டம், டிவிஷன், எந்த லயத்துக்கு எந்தப் பக்கம், எத்தனை அடி ஆழம், யார் கண்டது, எந்தத் தேதி. சட்டியைக் கழுவ வேண்டாம், அதில் ஒட்டியிருக்கும் கொழுப்பும் தாவரத் துகளும் என்ன சமைத்தார்கள் என்று சொல்லும். காசைப் புளி போட்டுத் தேய்க்க வேண்டாம். மிகப் பழையது, அதாவது கல் ஆயுதம், எலும்பு, ஈமப் பானை போலத் தோன்றினால் அங்கேயே வேலையை நிறுத்திப் பிரதேச செயலகத்திலோ தொல்பொருள் திணைக்களத்திலோ அறிவியுங்கள்.

லயங்களை இடித்துத் தனி வீடு கட்டுவதை நான் எதிர்க்கவில்லை. அது எப்போதோ நடந்திருக்க வேண்டும். யாரும் ஆய்வாளனுக்காகப் பத்தடிக் காமிராவில் இருக்க வேண்டியதில்லை. கம்பளைப் பக்கம் ஓல்ட் பீக்கொக் தோட்டத்தில் பழைய லயத்தையே தொழிலாளர் அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள். எல்லா இடத்திலும் அப்படிச் செய்ய முடியாது, தேவையும் இல்லை. இடிக்கும் முன் ஒரு நாள் போதும். தோட்டத்து இளைஞர்கள் ஒரு டேப்பும் போனும் எடுத்துக்கொண்டு காமிரா காமிராவாகப் போகலாம். நீள அகலம், சுவர் கருங்கல்லா செங்கல்லா, அடுப்பு இருந்த மூலை, கரி ஏறிய உயரம், சாமிப் படம் மாட்டிய இடம், இஸ்தோப்பை (முன் திண்ணையை) பிற்காலத்தில் அடைத்துக் கட்டினார்களா, சுண்ணாம்பு எத்தனை பூச்சு, கூரைத் தகரத்தில் ஏதாவது முத்திரை. அந்தக் காமிராவில் இருந்த ஆட்களையே கூட நிற்கவைத்து, அவர்கள் சொல்வதைப் பதிவு செய்யுங்கள். ஒரு பிரதி தோட்டத்துப் பள்ளிக்கூட நூலகத்திலும், இன்னொன்று வெளியூரில் இருக்கும் யாரிடமாவதும் இருக்கட்டும்.