உறைமண் காத்த படச்சுருள்கள்

கனடாவின் டாசன் நகரைப் பற்றி பில் மாரிசன் 2016இல் எடுத்த ஆவணப்படத்தைப் பார்த்த வாசகர் ஒருவர், "அரை நூற்றாண்டு மண்ணுக்குள் கிடந்த ஃபிலிம் எப்படிக் கெடாமல் இருந்தது?" என்று கேட்டிருந்தார்.

டாசன், தங்கம் தேடி வந்தவர்களால் பெருகிய வடகோடி ஊர். படப்பெட்டிகளின் பயணம் அங்கே முடியும். திரும்பப் பெறும் செலவுக்கு விநியோகஸ்தர்கள் தயாராக இல்லை. தேங்கிய சுருள்களில் ஒரு பகுதியை 1929இல் பழைய நீச்சல்குளத்தில் போட்டு மூடிவிட்டார்கள். 1978இல் கட்டட வேலைக்குத் தோண்டியபோது 500க்கும் மேற்பட்ட சுருள்கள் கிடைத்தன.

அந்தக் கால ஃபிலிமின் மூலப்பொருள் பருத்தி. அதன் செல்லுலோஸை நைட்ரிக், கந்தக அமிலங்களில் ஊறவைத்து, வளைந்து கொடுப்பதற்காகக் கற்பூரம் சேர்ப்பார்கள். செல்லுலோஸ் சங்கிலியில் தொங்கும் நைட்ரேட் தொகுதிகள் நிலையற்றவை. சாதாரண அறை வெப்பத்திலேயே மெல்லக் கழன்று நைட்ரஜன் டை ஆக்சைடாக வெளியேறும். அந்த வாயு ஈரத்தோடு சேர்ந்தால் நைட்ரிக் அமிலம். ஃபிலிமைப் பிறப்பித்த அதே அமிலம்! அது சங்கிலியைத் துண்டாக்கும், இன்னும் நைட்ரேட் கழலும், இன்னும் அமிலம் ஊறும். வட்டிக்கு வட்டி ஏறுவதுபோல அழிவின் வேகம் ஏறிக்கொண்டே போகும். முதலில் வெள்ளித்துகள் பிம்பம் மங்கும், அதைத் தாங்கும் ஜெலட்டின் பசை பிசுபிசுக்கும், சுருள் கட்டியாக இறுகும், கடைசியில் பழுப்புத் தூள். இறுக மூடிய டப்பாவில் வாயு வெளியேற வழியில்லாததால் எல்லாமே சீக்கிரம் நடக்கும்.

இந்தச் சுழலை மட்டுப்படுத்துவது குளிர். பிணைப்பு முறியத் தேவையான கிளர்வு ஆற்றல், குளிர்ந்த மூலக்கூறுகளில் மிகச் சிலவற்றுக்கே வாய்க்கும். டாசனில் நிலத்தடி மண் ஆண்டு முழுவதும் உறைந்தே கிடக்கிறது. சேதம் செய்தது தண்ணீர். ஓரங்கள் வழியே புகுந்து ஜெலட்டினை இளக்கியது. ஆவணப்படத்தில் திரையின் விளிம்பில் துடிக்கும் வெண்ணிற அலைகள் அதன் தடம்தான். நடுவில் பிம்பம் பிழைத்தது. சிகாகோ வீரர்கள் சிலர் பணம் வாங்கிக்கொண்டு தோற்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட அமெரிக்காவின் 1919 உலகத் தொடர் பேஸ்பால் போட்டியின் செய்திப்படம் அப்படித்தான் மீண்டும் கண்ணுக்குத் தெரிந்தது.

தமிழகத்தின் முதல் மௌனப்படமான நடராஜ முதலியாரின் 'கீசக வத'த்துக்கு ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. மறைந்த வரலாற்றைப் படமாக்க நிதி தருபவர்கள், குளிர்பதனக் கிடங்கின் மின்கட்டணத்துக்கும் தர வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அந்தக் கிடங்கு இல்லாவிட்டால் படமாக்க எதுவும் இருக்காது.

பழைய டூரிங் டாக்கீஸ் நடத்திய குடும்பங்களின் பரணில் 1950களுக்கு முந்தைய படப்பெட்டி இருக்கக்கூடும். அதை நெருப்பருகே கொண்டுபோகாதீர்கள். நைட்ரேட் ஃபிலிம் பற்றிக்கொண்டால் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தந்துகொண்டு நீருக்கடியிலும் எரியும். நீங்களாகப் பிரித்துப் பார்க்காமல், புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குத் தெரியப்படுத்துங்கள். கோடைக்கு முன்பே செய்துவிடுங்கள்.