துப்பாக்கி முதுகில் ஒரு கதவு எண்

வாசகர் ஒருவர் படம் அனுப்பிக் கேட்டிருந்தார். ராணுவ வீரர் கையில் நவீன ரைஃபிள், அதன் முதுகு நெடுக ரம்பம் மாதிரி பல், பல்லுக்குப் பக்கத்தில் பொடி எழுத்தில் டி 6, டி 8, டி 10 என்று ஓடுகிறது. “இது வரிசை எண்ணா, மாடலா, இல்லை ஏதாவது ரகசியக் குறியா?”

மூன்றும் இல்லை. கதவு எண். தெருவில் வீட்டுக்கு வீடு எண் போடுவதைப் போல, துப்பாக்கியின் முதுகில் காடிக்குக் காடி (காடி என்றால் பல்லுக்கும் பல்லுக்கும் நடுவே உள்ள பள்ளம்) எண் போட்டிருக்கிறார்கள். டி என்பது டாப், மேல்பக்கம். அமெரிக்க எம்4 ரைஃபிளில் முன்கைப்பிடியைச் சுற்றி நாலு பக்கமும் ரெயில், அதாவது கருவி மாட்டுவதற்கான இந்தப் பல் வைத்த பட்டை, போட்ட மாதிரிகளைப் பார்த்தால் இடப்பக்கம் எல், வலப்பக்கம் ஆர், அடிப்பக்கம் பி என்று தனித்தனி வரிசை இருக்கும். சில கம்பெனிகள் எல்லாக் காடிக்கும் எண் போடும், சில ஒன்று விட்டு ஒன்று இரட்டைப்படை மட்டும் போடும். எழுத்து விஷயம் இவ்வளவுதான், இதற்கு ஒரு கட்டுரை தேவையில்லை. ஆனால் எதற்காக எண் என்று கேட்டால்தான் சுவாரசியம் ஆரம்பிக்கிறது.

முதலில் அந்தப் பல். பெயர் பிக்கட்டினி ரெயில். அமெரிக்காவின் நியூ ஜெர்சியில் 1880இல் தொடங்கிய பிக்கட்டினி ஆயுதசாலையின் பெயர் அது. 1995இல் மில்-எஸ்டிடி-1913 என்ற ராணுவத் தர ஆவணமாக அளவுகளை எழுதி வைத்தார்கள். அதற்கு முன்பும் ரெயில் இருந்தது. வீவர் என்ற ஸ்கோப் (குறிபார்க்கும் தொலைநோக்கி) கம்பெனியின் ரெயில் வேட்டைத் துப்பாக்கிகளில் புழக்கத்தில் இருந்தது. அதில் காடிகள் கொஞ்சம் ஒடுங்கல், ஒன்றுக்கொன்று இடைவெளியும் ஒரே சீராக இருக்காது. பிக்கட்டினியில் காடியின் அகலம் 5.23 மி.மீ., ஆழம் 3 மி.மீ., ஒரு காடியின் நடுவிலிருந்து அடுத்த காடியின் நடுவுக்கு 10.01 மி.மீ. அங்குலத்தில் 0.394 என்று எழுதிய அளவு, மாற்றிப் பார்த்தால் கிட்டத்தட்ட ஒரு சென்டிமீட்டர்! எல்லாக் காடிக்கும் எண் போட்ட ரெயில் என்றால் டி 10க்கும் டி 14க்கும் இடையே 4 செ.மீ., ஸ்கேல் வைக்காமலே சொல்லலாம். செய்தியில் வரும் துப்பாக்கிப் படத்தில் பல்லை எண்ணி நீளத்தைக் கணக்குப் போடுவது எனக்கு ஒரு பொழுதுபோக்கு, வீட்டில் திட்டு வாங்கியிருக்கிறேன்.

சரி, ஸ்கோப்பையோ சிவப்புப் புள்ளியால் குறி காட்டும் சைட்டையோ இந்த ரெயிலில் மாட்டுகிறோம். மாட்டினால் மட்டும் போதாது, புள்ளி காட்டும் இடமும் குண்டு போகும் இடமும் ஒன்றாகும் வரை சுட்டுச் சுட்டுத் திருகைத் திருப்பிச் சரிசெய்ய வேண்டும், இதைத்தான் ஜீரோ செய்வது என்கிறார்கள். நேரமும் தோட்டாவும் செலவாகும். இவ்வளவு பாடுபட்டு ஜீரோ செய்ததை ராத்திரி வேறு கருவி மாட்டுவதற்காகக் கழற்றுகிறார்கள், காலையில் திரும்ப மாட்டுகிறார்கள். பழைய ஜீரோ அப்படியே இருக்குமா?

ஒரு கணக்கு போடுவோம். ஸ்கோப் உட்காரும் அடித்தளத்தின் நீளம் 100 மி.மீ. என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் முறை மாட்டும்போது அதன் ஒரு முனை 0.03 மி.மீ. மட்டும் தூக்கி உட்கார்ந்துவிட்டது. தலைமுடியின் தடிமனில் பாதிகூட இல்லை, கண்ணுக்குத் தெரியாது, விரலுக்கும் தட்டுப்படாது. ஆனால் 100 மி.மீ.க்கு 0.03 என்றால் 100 மீட்டருக்கு 30 மி.மீ. விலகல், 300 மீட்டருக்கு 90 மி.மீ. ஒத்த முக்கோணம், பத்தாம் வகுப்புப் பாடம்தான்.

இப்போது எண்ணுக்கு வருவோம். காடியிலிருந்து காடிக்கு 10 மி.மீ. என்று ஆவணம் சொன்னாலும், எந்திரத்தில் கடைந்து எடுத்த எந்த ரெயிலும் மைக்ரோமீட்டர் சுத்தமாக நேராக இருக்காது. ஓர் இடத்தில் நூலளவு மேடு, ஓர் இடத்தில் பெயின்ட் கூடுதல், இன்னோர் இடத்தில் தேய்மானம். கூடவே, துப்பாக்கி உடம்பின் மேலிருக்கும் ரெயிலும் முன்கைப்பிடியின் ரெயிலும் பல ரைஃபிள்களில் தனித்தனித் துண்டுகள். பார்வைக்கு ஒரே கோடாகத் தெரிந்தாலும் கையை வைத்து அழுத்தினால் முன்துண்டு மட்டும் மிக லேசாக வளையும். ஆக, டி 8இல் உட்கார்ந்த ஸ்கோப்பும் டி 9இல் உட்கார்ந்த ஸ்கோப்பும் ஒரே திசையைப் பார்ப்பதில்லை. டி 8 கோணலாக இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும், அந்தக் கோணலையும் சேர்த்துத்தான் ஜீரோ செய்தோம். திரும்பவும் அதே கோணலில் உட்கார வைத்தால் போதும், அதற்குத்தான் எண். ரெயில் நேராக இருக்கிறது என்று அது உத்தரவாதம் தருவதில்லை, போன தடவை எங்கே இருந்தோம் என்று நினைவு வைத்துக்கொள்கிறது, அவ்வளவுதான். இந்த வித்தியாசம் எனக்கு ரொம்பப் பிடிக்கும்: அளவு துல்லியமாக இருப்பது வேறு, திரும்பத் திரும்ப ஒரே மாதிரி இருப்பது வேறு. வீட்டுத் தராசு எப்போதும் 50 கிராம் கூடக் காட்டினால் சமாளித்துவிடலாம், ஆளுக்கு ஒன்று காட்டினால் தூக்கி எறிய வேண்டியதுதான்.

ஆனால் எண்ணைப் பார்த்து மாட்டினால் வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள். ஸ்கோப்பின் அடித்தளத்திலிருந்து காடிக்குள் இறங்கும் குறுக்குக் கட்டை காடியைவிடக் கொஞ்சம் சிறியதாகத்தான் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் இறங்காது. அதனால் காடிக்குள்ளேயே முன்னும் பின்னும் மயிரிழை அளவு ஆட்டம் இருக்கும். அதில் எந்தப் பக்கம் ஒட்டி வைப்பது? பயிற்சியில் சொல்லிக்கொடுப்பது: முன்பக்கமாகத் தள்ளி, அதாவது குழல் முனைப் பக்கம் தள்ளிப் பிடித்துக்கொண்டு, அப்புறம் திருகை இறுக்கு.

ஏன் முன்பக்கம்? சுட்டால் துப்பாக்கி தோளைப் பார்த்துப் பின்னால் உதைக்கிறது, அப்போது ஸ்கோப்பும் பின்னால்தானே நகரும் என்று தோன்றும். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். டவுன் பஸ்ஸில் நின்றுகொண்டு போகும்போது டிரைவர் சடன் பிரேக் போட்டால் என்ன ஆகிறது? பஸ்ஸைப் பின்னால் பிடித்து இழுத்த மாதிரி வேகம் குறைகிறது, நீங்கள் முன்னால் போய் விழுகிறீர்கள். அதே கதைதான். துப்பாக்கி பின்னால் பாய்கிறது, ஸ்கோப் இருந்த இடத்திலேயே இருக்கப் பார்க்கிறது, ஆகவே ரெயிலைப் பொறுத்தவரை ஸ்கோப் முன்னால் நகர்கிறது. குறுக்குக் கட்டை ஏற்கனவே காடியின் முன்சுவரை ஒட்டி நின்றால் நகர இடமில்லை. பின்சுவரை ஒட்டி நின்றால் ஒவ்வொரு வெடிக்கும் முன்னால் போய் இடிக்கும், பிடிமானம் தளரும், ஜீரோ கெடும்.

எவ்வளவு பலமாக இடிக்கும் என்று தோராயமாகப் பார்க்கலாம். 4 கிராம் குண்டு, நொடிக்கு 900 மீட்டர், துப்பாக்கி மூன்றரை கிலோ. உந்தம் மாறாது என்பதால் துப்பாக்கி நொடிக்கு சுமார் 1 மீட்டர் வேகத்தில் பின்னால் வரும் (வெளியேறும் வாயுவை விட்டுவிட்டேன், சேர்த்தால் இன்னும் கூடும்). குண்டு குழலுக்குள் இருப்பது ஆயிரத்தில் ஒரு நொடி போல. அந்த நேரத்துக்குள் 1 மீட்டர் வேகம் என்றால் முடுக்கம் புவியீர்ப்பைப்போல் நூறு மடங்கு. 300 கிராம் ஸ்கோப்புக்கு அந்தக் கணத்தில் 30 கிலோ மூட்டை ஒன்று அந்தச் சின்னச் சுவரில் சாய்ந்த மாதிரி. 3 மி.மீ. ஆழக் காடி அதைத் தாங்குகிறது, அலுமினியத்தில்!

இதே விதியை எல்லாத் துப்பாக்கிக்கும் பொருத்தினால் மாட்டிக்கொள்வோம். நான் போகும் பயிற்சிக் கூடத்தில் ஒரு ஸ்பிரிங் ஏர் ரைஃபிள் இருக்கிறது. அதில் பிக்கட்டினி கிடையாது, காடியே இல்லாத 11 மி.மீ. வழுவழு ரெயில்தான். மாதக்கணக்கில் நான் சுடுவதெல்லாம் விலகிக்கொண்டே போனது, என் கண்ணாடி பவர் ஏறிவிட்டது என்று பயந்து போய்க் கண் டாக்டரைப் பார்த்துவிட்டே வந்தேன். காரணம் ஸ்கோப், கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் ஊர்ந்து வந்திருக்கிறது. ஸ்பிரிங் ரைஃபிளில் பிஸ்டன் முன்னால் பாயும்போது துப்பாக்கி முதலில் பின்னால் உதைக்கும், பிஸ்டன் உருளையின் முனையில் போய் மோதியதும் துப்பாக்கி வெடுக்கென்று முன்னால் இழுபடும். இந்த இரண்டாவது உதையில் ஸ்கோப் பின்னால் நழுவும். ஆக அங்கே முட்டுக் கொடுக்க வேண்டியது பின்பக்கம்.

ரெயிலை எப்படிக் கவ்விப் பிடிப்பது என்பதிலும் மாற்றம் வந்தது. பழைய முறையில் இரண்டு ஓரச் சரிவுகளையும் கவ்வி அதையே ஆதாரமாக வைத்தார்கள். 2009இல் வந்த நேட்டோ தரம், ஸ்டானாக் 4694, ரெயிலின் மேல் தட்டைப் பரப்பையே ஆதாரமாக எடுத்துக்கொண்டது. தரையில் நாற்காலி போடுவதா, சுவரில் சாய்த்து வைப்பதா என்பது மாதிரிதான். இப்போது புதுத் துப்பாக்கிகளின் பக்கவாட்டில் பல்லே காணோம், நீள்வட்ட ஓட்டைகள்தான், எம்-லாக் என்று பெயர். அமெரிக்காவின் கிரேன் கடற்படை ஆய்வகம் அதையும் அதன் போட்டியான கீமாட் என்பதையும் சோதித்து 2017இல் முடிவு வெளியிட்டது. கழற்றி மாட்டினால் குறி எவ்வளவு விலகுகிறது என்று பார்த்ததில் கீமாட் சராசரி 4.9 கோண நிமிடம் (ஒரு டிகிரியில் அறுபதில் ஒரு பங்குதான் கோண நிமிடம்), எம்-லாக் 1.3. 100 மீட்டரில் அது 14 செ.மீ.க்கும் 4 செ.மீ.க்கும் உள்ள வித்தியாசம்.

இப்படிக் கழற்றி மாட்டிக் கழற்றி மாட்டி அளந்துகொண்டே இருக்கும் சோதனைக்குப் பணம் கொடுக்க யாருக்கும் மனசு வராது, ரிப்பன் வெட்ட அதில் எதுவும் இல்லை. திருச்சியில் 1966 முதல் துப்பாக்கித் தொழிற்சாலை வைத்திருக்கும் ஊர்க்காரர்கள் நாம், புது மாடல் வந்தால் போட்டோவோடு செய்தி போடுகிறோம், அளவியல் ஆய்வகத்துக்கு ஒரு பத்திச் செய்தியாவது வந்து நான் பார்த்ததில்லை. என் கோபம் இதில் கொஞ்சம் அதிகம்தான்.

அந்த ஏர் ரைஃபிள் கதைக்கு வருகிறேன். அதில் எண் இல்லையே, என்ன செய்வது? மனைவியின் சிவப்பு நகப்பூச்சை எடுத்துப் போய் ஸ்கோப்பின் அடித்தளமும் ரெயிலும் சேரும் இடத்தில், இரண்டின் மேலும் படும்படி, ஒரு மெல்லிய கோடு இழுத்தேன். நகர்ந்தால் கோடு உடைந்து காட்டிக்கொடுத்துவிடும். மறுவாரம் கோச் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “என்ன சார், ஆயுத பூஜைக்கு இன்னும் நாள் இருக்கே, அதுக்குள்ள பொட்டு வெச்சுட்டீங்க?”