பாதி பழைய சட்டை, பாதி புதிய சட்டை

"மகன் வளர்க்கும் ஐசோபாடு ஒன்றுக்கு முன்பாதி கருஞ்சாம்பல், பின்பாதி வெளுப்பு. நோய் என்று பயந்து கையிலேயே வைத்திருக்கிறான்" என்று ஒரு வாசகி எழுதியிருக்கிறார். முதலில் அதைப் பெட்டியில் இறக்கிவிடச் சொல்லுங்கள், அம்மா. அதற்கு நோய் இல்லை. சட்டை உரிக்கிறது, பாதி வேலை முடிந்திருக்கிறது.

பூந்தொட்டியைத் தூக்கினால் அடியில் ஓடுமே, தொட்டால் சில இனங்கள் உருண்டுகொள்ளுமே, அதுதான் ஐசோபாடு. பூச்சி இனமல்ல, ஏழு ஜோடிக் கால்களுள்ள, நண்டுக்கும் இறாலுக்கும் தரைவாழ் உறவு. வயிற்றடித் தகடுகளால் சுவாசிப்பதால் ஈரம் வேண்டும்.

நண்டு தன் ஓட்டை ஒரே தடவையில் கழற்றிவிட்டு ஒளிந்துகொள்ளும். ஐசோபாடு அப்படிச் செய்வதில்லை. முதலில் பின்பாதி, பிறகு முன்பாதி. இடையில் ஒரு நாளோ சற்றுக் கூடுதலோ ஆகும். ஓட்டை உறுதியாக்குவது சுண்ணாம்புச் சத்தான கால்சியம். கடலில் அது தண்ணீரிலேயே கரைந்து கிடக்கிறது. தரையில் எங்கே போவது? அதனால் உரிப்பதற்குச் சில நாட்களுக்கு முன்பே பின்பாதி ஓட்டிலிருந்து கால்சியத்தை உறிஞ்சி, முன்பக்க வயிற்றடியில் வெள்ளைத் திட்டுகளாகச் சேர்த்துவைக்கிறது. அங்கே அது படிகமாக இறுகுவதில்லை. படிகமானால் கரைக்க நேரமாகும். படிக ஒழுங்கில்லாத கால்சியம் கார்பனேட்டாக வைத்திருப்பதால், பின்பாதி உரிந்ததும் விரைவாகக் கரைந்து புதிய ஓட்டுக்குப் போய்ச் சேர்கிறது. இருந்த சுண்ணாம்பைப் பத்திரப்படுத்தி எடுத்துப் பூசும் இந்தச் சிக்கனத்தை எத்தனை முறை படித்தாலும் எனக்கு அலுப்பதில்லை.

இந்த நேரத்தில் புதிய ஓடு மெழுகுபோல் இளகியிருக்கும், விரல் அழுத்தம் தாங்காது. மற்ற நாட்களிலும் கிள்ளி எடுக்க வேண்டாம். ஒரு சருகை முன்னால் நீட்டினால் தானே ஏறிவிடும். மெல்லிய ஓவியத் தூரிகையும் உதவும். உள்ளங்கையில் விடுவதென்றால் சோப்பு வாசனை போகக் கழுவி, ஈரக் கையைப் பெட்டிக்குள்ளேயே தாழ்வாக வையுங்கள். பெட்டியின் ஒரு பக்கம் ஈரமாகவும் மறுபக்கம் உலர்ந்தும் இருக்கட்டும், தனக்கு வேண்டிய இடத்தை அதுவே தேடிக்கொள்ளும். மருந்தடிக்காத மாஞ்சருகு, மக்கிய மரத்துண்டு, கிளிக்கு வைக்கும் கடல்நுரை (கணவாய் ஓடு) அல்லது பொடித்த முட்டை ஓடு போதும்.

காதுக்குள் புகுந்து மூளையைத் தின்னும் என்று சொல்லி இதன்மேல் வெந்நீர் ஊற்றுபவர்களைப் பார்த்திருக்கிறேன். இது கொட்டாது, விஷமும் கிடையாது. சருகை மண்ணாக்க உதவும் உயிரைக் கட்டுக்கதையை நம்பிக் கொல்வது கொடுமை. புலிக்கும் யானைக்கும் ஒதுக்கும் ஆய்வுப் பணத்தில் ஒரு சிறு பங்காவது இத்தகைய மண்ணுயிர்களுக்கும் வர வேண்டும் என்பது என் கருத்து.

மகனிடம் ஒரு வேலை கொடுங்கள். மற்ற ஐசோபாடுகளைக் கண்ணாடித் தட்டில் நடக்கவிட்டு அடியிலிருந்து பார்க்கட்டும். முன்பக்கத்தில் வெள்ளைத் திட்டு தெரிந்தால் அடுத்து உரிக்கப் போவது அதுதான். சில நாட்கள் தொட வேண்டாம். உரித்த சட்டையைத் தேடினால் பெரும்பாலும் கிடைக்காது. அதிலுள்ள சுண்ணாம்பையும் வீணாக்காமல் தின்று முடித்திருக்கும்.