கோதுமையைத் தாங்காத குடல்: சீலியாக் நோய் யாருக்கு வருகிறது, எதையெல்லாம் கெடுக்கிறது?

பிசைந்த மைதா உருண்டை ஒன்றைக் குழாய்த் தண்ணீரில் பிடித்து அலசிக்கொண்டே இருங்கள். மாவுச்சத்து பாலாகக் கரைந்து ஓடிவிடும். கடைசியில் ரப்பர்போல இழுபடும் பிசின் ஒன்று கையில் மிஞ்சும். அதுதான் குளூட்டன். பரோட்டா மாவைக் கிழியாமல் வீச முடிவதும், ரொட்டி உப்பி நிற்பதும் அதனால்தான். கோதுமையில் மட்டுமல்ல, பார்லியிலும் ரை தானியத்திலும் இதே குடும்பத்துப் புரதங்கள் இருக்கின்றன.

இந்தப் புரதத்தை யாருடைய வயிறும் முழுதாகச் செரிப்பதில்லை. இதில் புரோலின் என்ற அமினோ அமிலம் நெருக்கமாக அடுக்கியிருக்கிறது. அந்த இடங்களை நம் செரிமான நொதிகளால் வெட்ட முடியாது. அதனால் 33 அமினோ அமிலங்கள் நீளமுள்ள ஒரு துண்டுகூட அப்படியே சிறுகுடலுக்கு வந்து சேர்கிறது. பெரும்பாலோருக்கு அது தீங்கு செய்யாமல் கடந்து போய்விடும். சீலியாக் உள்ளவர்களுக்கோ அது குடல் சுவரைத் தாண்டி உள்ளே நுழைகிறது. அங்கே டிரான்ஸ்குளூட்டமினேஸ் என்ற நொதி அதன் குளூட்டமினைக் குளூட்டமிக் அமிலமாக மாற்றுகிறது. மாறிய துண்டு நோயெதிர்ப்புச் செல்களின் மேலிருக்கும் எச்.எல்.ஏ. டி.கியூ2 அல்லது டி.கியூ8 என்ற புரதத்தில் கச்சிதமாகப் பொருந்தி உட்கார்ந்துகொள்ள, டி செல்கள் என்ற நோயெதிர்ப்புச் செல்கள் அதைப் பகையாகக் கருதித் தாக்குதலைத் தொடங்குகின்றன. அடி வாங்குவது குடலுறிஞ்சிகள். விரல்விரலாக நிமிர்ந்து நின்று சத்தை உறிஞ்ச வேண்டியவை தேய்ந்து தட்டையாகிவிடுகின்றன.

டி.கியூ2, டி.கியூ8 இரண்டும் இல்லாதவருக்கு இந்நோய் வர வாய்ப்பு மிக மிகக் குறைவு. ஆனால் இருப்பவருக்கெல்லாம் வந்துவிடுவதும் இல்லை. இதற்கு நம் நாட்டிலேயே தெளிவான சான்று உண்டு. 2016இல் வெளியான ஓர் ஆய்வு, இந்தியாவின் மூன்று பகுதிகளில் 23,000க்கும் மேற்பட்ட பெரியவர்களைப் பரிசோதித்தது. இந்த இரு புரதங்களுக்கான மரபணுக்கள் வடக்கே 38.1 சதவீதம் பேரிடமும், தெற்கே 36.4 சதவீதம் பேரிடமும் இருந்தன, ஏறக்குறைய சமம். நோயைக் காட்டும் எதிர்ப்பொருள்களோ வடக்கே 1.23 சதவீதம் பேரிடமும், தெற்கே வெறும் 0.10 சதவீதம் பேரிடமும்தான் தென்பட்டன. தினசரி கோதுமை அளவு வடக்கே சராசரி 455 கிராம், தெற்கே 25 கிராம். அரிசிச் சோறு நம்மில் பலரை இதுவரை காப்பாற்றி வந்திருக்கலாம் என்றே தோன்றுகிறது. இரவுச் சாப்பாடு சப்பாத்தியாக மாறிவரும் வீடுகள் இதைக் கவனிக்க வேண்டும்.

பெற்றோர், உடன்பிறந்தோர், பிள்ளைகள் ஆகியோரில் ஒருவருக்கு இந்நோய் இருந்தால், மற்றவர்களில் ஏறத்தாழ பத்தில் ஒருவருக்கு வர வாய்ப்புண்டு. முதல் வகை நீரிழிவு, தன்னெதிர்ப்புத் தைராய்டு நோய், டவுன் சின்ட்ரோம், டர்னர் சின்ட்ரோம் உள்ளவர்களுக்கும் ஆபத்து கூடுதல். இவர்களுக்கு வயிற்றுத் தொல்லை இல்லாவிட்டாலும் ரத்தப் பரிசோதனை செய்வது நல்லது. குழந்தைக்குக் கோதுமை கொடுப்பதைத் தள்ளிப்போட்டால் நோய் வராது என்ற நம்பிக்கை ஒன்று உண்டு. 2014இல் வந்த இரண்டு பெரிய ஆய்வுகள், தள்ளிப்போடுவது நோயைத் தடுப்பதில்லை என்று காட்டிவிட்டன.

வயிற்றுப்போக்கும் மெலிவும்தான் அடையாளம் என்று நினைத்தால் பலரைத் தவறவிடுவோம். இரும்புச்சத்து உறிஞ்சப்படுவது சிறுகுடலின் தொடக்கத்தில். முதலில் சேதமாவதும் அதே இடம்தான். மாதக்கணக்கில் இரும்பு மாத்திரை விழுங்கியும் ஹீமோகுளோபின் ஏறாத ரத்தசோகைக்குப் பின்னால் சீலியாக் இருக்கலாம். கால்சியமும் வைட்டமின் டி-யும் சேராமல் இளவயதிலேயே எலும்பு மெலியும். பிள்ளைகள் வளர்த்தி குன்றுவார்கள், பருவமடைதல் தள்ளிப்போகும். கருத்தரிப்பதில் சிக்கல், திரும்பத் திரும்பக் கருச்சிதைவு, பல் எனாமல் குறைபாடு, காரணம் தெரியாமல் உயரும் கல்லீரல் நொதிகள், முழங்கை முழங்காலில் அரிப்போடு வரும் கொப்புளங்கள் என இது பல வேடங்களில் வரும். சிலருக்கு நடை தள்ளாடும். மண்ணீரல் செயல் மங்குவதும் உண்டு; அதனால்தான் நிமோகாக்கல் தடுப்பூசியை மருத்துவர்கள் பரிந்துரைக்கிறார்கள். சிறுகுடலில் வரும் ஒருவகை நிணநீர்ப் புற்றுநோய் மிக அரிது. ஆனாலும் நோயைக் கவனிக்காமல் விட்டவர்களுக்கு அந்த ஆபத்து அதிகம்.

பரிசோதனையில் பலர் செய்யும் பிழை, சந்தேகம் வந்ததுமே கோதுமையை நிறுத்திவிடுவது. நிறுத்தினால் எதிர்ப்பொருள் இறங்கிவிடும், குடலும் ஆறத் தொடங்கும், முடிவு பொய்யாக ‘இல்லை’ என்று வரும். கோதுமை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே டி.டி.ஜி. ஐ.ஜி.ஏ. என்ற ரத்தப் பரிசோதனை செய்ய வேண்டும்; டிரான்ஸ்குளூட்டமினேஸுக்கு எதிராக உருவாகும் ஐ.ஜி.ஏ. வகை எதிர்ப்பொருளை அது அளக்கிறது. கூடவே மொத்த ஐ.ஜி.ஏ. அளவும் பார்க்க வேண்டும். சீலியாக் நோயாளிகளில் 2 முதல் 3 சதவீதம் பேருக்கு ஐ.ஜி.ஏ.வே குறைவு என்பதால், முதல் பரிசோதனை அவர்களிடம் ஏமாற்றிவிடும். பெரியவர்களுக்குப் பெரும்பாலும் எண்டோஸ்கோப்பி வழியாக முன்சிறுகுடலில் பல இடங்களிலிருந்து திசு எடுத்துப் பார்த்தே உறுதிசெய்கிறார்கள். சேதம் திட்டுத்திட்டாக இருக்கும் என்பதால் ஒரே ஒரு துணுக்கு போதாது.

மருந்து என்பது வாழ்நாள் முழுக்கக் குளூட்டன் இல்லாத சாப்பாடு. இட்லி, தோசை, ராகி, கம்பு, சோளம், தினை, சாமை, வரகு எல்லாம் இருக்கும் நம் சமையலில் இது நடக்கக்கூடியதே. நோயாளிகளில் பெரும்பாலோர் தாங்கக்கூடிய எல்லை நாளுக்குச் சுமார் 10 மில்லிகிராம் குளூட்டன். ஒரு சிட்டிகை கோதுமை மாவே அந்த எல்லையைத் தாண்டிவிடும். எனவே ரவை, சேமியா, மால்ட் பானம் போன்ற வெளிப்படையானவற்றை விலக்கினால் மட்டும் போதாது. கோதுமை அரைத்த கையோடு மில்லில் அரைத்து வாங்கும் அரிசி மாவிலும் அது கலந்திருக்கும். எதிர்ப்பொருள் அளவு ஓராண்டு கழித்தும் சரியாக இறங்கவில்லை என்றால், பெருங்காய டப்பாவைத் திருப்பி அதன் பின்பக்கம் படியுங்கள்: கடைகளில் கிடைக்கும் கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவோ மைதாவோ சேர்க்கப்பட்டிருக்கும்.