நாற்பத்தெட்டு வயதும் காட்டு ஆசையும்

வாலில்லாக் குரங்குகளுக்கு வீட்டுக் கடன் கிடையாது, மேனேஜர் தொல்லை கிடையாது, பிள்ளையின் நீட் மதிப்பெண் பற்றிய கவலையும் கிடையாது. அவையும் நடுவயதில் சோர்ந்துபோகின்றன என்கிறது 2012இல் வெளியான ஓர் ஆய்வு. மனிதப் பராமரிப்பில் வாழும் 508 சிம்பன்சிகள், ஒராங்குட்டான்கள் பற்றி, அவற்றோடு பழகியவர்களிடம் கேள்விகள் கேட்டார்கள். அதில் ஒன்று எனக்கு ரொம்பப் பிடித்தது: ஒரு வாரம் இந்த விலங்காகவே நீங்கள் இருக்க நேர்ந்தால் எவ்வளவு மகிழ்ச்சியாக இருப்பீர்கள்? பதில்களை வயதுவாரியாக அடுக்கினால் நடுவில் பள்ளம் விழுந்தது. சிம்பன்சிகளுக்கு அது 27, 28 வயதில். மனிதக் கணக்கில் 45 முதல் 50.

நம் கதையும் அதேதான். பொருளியலாளர் டேவிட் பிளாஞ்ச்ஃபிளவர் 132 நாடுகளின் கருத்துக்கணிப்புகளை அலசி 2020இல் சொன்னது: வாழ்க்கைத் திருப்தி 47, 48 வயதுவாக்கில் அடிமட்டத்தைத் தொடுகிறது, அப்புறம் ஏறுகிறது. இது சராசரி மட்டுமே. எல்லோருக்கும் இப்படி நடப்பதில்லை. ஒரே ஆட்களை ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்த சில ஆய்வுகளில் பள்ளமே சரியாகத் தெரியவில்லை.

ஏன் இறங்கி ஏறுகிறது? ஹானஸ் ஷ்வாண்ட் என்ற பொருளியலாளர் ஜெர்மனியின் நீண்டகாலத் தரவில் ஒரு துப்பைக் கண்டார். ஐந்து ஆண்டு கழித்து எப்படி இருப்பீர்கள் என்று கேட்டால், இளைஞர்கள் நடக்கப்போவதைவிட அதிகமாகச் சொல்கிறார்கள். முதியவர்கள் குறைத்துச் சொல்கிறார்கள். நடுவயதில் பழைய ஏமாற்றமும் சேர்ந்திருக்கிறது, எதிர்பார்ப்பும் வற்றத் தொடங்குகிறது. எதிர்பார்ப்பு போதுமான அளவு இறங்கியதும், கிடைப்பதெல்லாம் லாபமாகத் தெரிகிறது.

'எல்லாத்தையும் வித்துட்டு மலைப்பக்கம் போயிடலாமா' என்று பலருக்கும் தோன்றுவது இந்த வயதில்தான். ஆசையில் நியாயம் இருக்கிறது. 2015இல் ஸ்டான்ஃபோர்டில் 38 பேரைப் பிரித்து, பாதிப் பேரை ஓக் மரங்கள் உள்ள புல்வெளியிலும் மீதிப் பேரை வாகனங்கள் ஓயாத சாலையிலும் 90 நிமிடம் நடக்கவிட்டார்கள். தன் குறைகளையே திரும்பத் திரும்ப அசைபோடும்போது சுறுசுறுப்பாகும் ஒரு சிறு பகுதி முன்மூளையில் உண்டு. புல்வெளியில் நடந்தவர்களுக்கு அது அடங்கியிருந்தது. சாலையில் நடந்தவர்களுக்கு அப்படி எதுவும் நடக்கவில்லை.

வெளியே இருப்பதால் தூக்கத்துக்குக் கிடைக்கும் பலன் இதைவிடத் துல்லியமாக அளக்கப்பட்டிருக்கிறது. நம் விழித்திரையில் வெளிச்சத்தின் அளவை, தூங்கும் நேரத்தையும் விழிக்கும் நேரத்தையும் நடத்தும் உடல் கடிகாரத்துக்குத் தெரிவிப்பதையே முக்கிய வேலையாகக் கொண்ட செல்கள் இருக்கின்றன. வெளிச்சத்தை அளக்கும் அலகு லக்ஸ். வெளியே பகல் வெளிச்சம் பத்தாயிரம் லக்ஸைச் சாதாரணமாகத் தாண்டும். ஆபீஸ் மேசையில் சில நூறு லக்ஸ் இருந்தாலே பெரிது. இரவிலோ பல்பும் போனும். பகல் மங்கல், இரவு வெளிச்சம் என்றால் கடிகாரம் பின்தங்குகிறது. கொலராடோ பல்கலைக்கழகத்தின் கென்னத் ரைட் 2013இல் எட்டுப் பேரை ராக்கி மலையில் ஒரு வாரம் கூடாரத்தில் தங்கவைத்தார். டார்ச்சுக்கும் போனுக்கும் தடை. சூரியனும் கேம்ப் ஃபயரும் மட்டுமே. வீட்டில் இருந்தபோது, எழுந்த பிறகும் உடலில் இரவு ஹார்மோனான மெலடோனின் தூக்கலாகவே இருந்தது. மலையில் அது சுமார் இரண்டு மணி நேரம் முன்னதாக, சூரியன் மறையும் நேரத்தை ஒட்டிச் சுரக்கத் தொடங்கி, விழிப்பதற்கு முன்பே வடிந்துவிட்டது. நடுராத்திரி வரை விழித்தே பழகியவர்களின் கடிகாரம்தான் அதிகம் நகர்ந்தது.

சரி, அப்படியானால் வேலையை விட்டுவிடலாமா? இங்கேதான் கணக்கு இடிக்கிறது. 48 வயதில் மலைக்குக் குடிபோனவர் 55இல் தெளிவாக இருந்தால், அந்தப் பெருமை முழுக்க மலைக்குப் போகும். ஆனால் பிளாஞ்ச்ஃபிளவரின் கோடு, நகரத்திலேயே கிடந்தவருக்கும் சராசரியாக அந்த வயதில் ஏறத்தான் செய்கிறது. இரண்டில் எது வேலை செய்தது என்று தனி மனிதர் தன் வாழ்க்கையை வைத்துச் சொல்ல முடியாது. போதாக்குறைக்கு, எந்தப் புது இடமும் பழகிவிடும். நண்பர்களும் ஆஸ்பத்திரியும் தூரமாகிவிட்டது மட்டும் அப்படியே இருக்கும். என்னைக் கேட்டால், பள்ளத்தின் அடியில் நின்றுகொண்டு நிலம் வாங்க வேண்டாம்.

பலனுக்கு அவ்வளவு செலவும் தேவையில்லை. இங்கிலாந்தில் சுமார் 20,000 பேரிடம் நடத்தி 2019இல் வெளியான ஆய்வில், வாரத்துக்கு மொத்தம் 120 நிமிடம் இயற்கைச் சூழலில் இருந்தவர்களில் அதிகம் பேர் நலமாக இருப்பதாகச் சொன்னார்கள். ஒரே தடவையாகப் போனாலும் பிரித்துப் போனாலும் வித்தியாசம் இல்லை. நலமாக இருப்பவர்களே அதிகம் வெளியே போகிறார்களோ என்ற சந்தேகத்தை அந்த ஆய்வு தீர்க்கவில்லை. ரைட்டின் குழு 2017இல் வெளியிட்ட அடுத்த சோதனையில் அந்தச் சந்தேகத்துக்கு இடமில்லை: சனி, ஞாயிறு மட்டும் கூடாரத்தில் கழித்தவர்களுக்கே, ஒரு வாரம் தங்கியவர்களுக்குக் கடிகாரம் நகர்ந்ததில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு நகர்ந்திருந்தது.