பக்கத்து வீட்டில் மட்டும் ஏன் விக்கெட் முன்னாடியே விழுகிறது?

"கைப்பேசியில் மேட்ச் பார்க்கிறேன். பந்துவீச்சாளர் ஓடிவரும்போதே பக்கத்து வீட்டு டிடிஎச்சில் பார்ப்பவர்கள் 'அவுட்' என்று கத்துகிறார்கள். என் நெட் மெதுவா?" என்று கேட்கிறார் ஒரு வாசகர்.

நெட்டின் மேல் பழியில்லை. 100 எம்பிபிஎஸ் இணைப்பிலும் இதேதான் நடக்கும்.

டிடிஎச் செயற்கைக்கோள் 35,786 கி.மீ. உயரத்தில் இருக்கிறது. சிக்னல் ஏறி இறங்கக் கால் விநாடி, காட்சியைச் சுருக்கி விரிக்கச் சில விநாடிகள், அவ்வளவுதான். ஸ்ட்ரீமிங்கிலோ காட்சி துண்டு துண்டாக வருகிறது. ஆப்பிள் 2009-இல் கொண்டுவந்த எச்எல்எஸ் முறையில் ஒவ்வொரு துண்டும் தனிக் கோப்பு. இப்போது பரிந்துரைக்கப்படும் நீளம் 6 விநாடி. துண்டு முழுதாக முடிந்தால்தான் சர்வருக்குப் போகும். அதன் தொடக்கத்தில் விழுந்த விக்கெட், மீதிக் காட்சி பதிவாகும்வரை காத்துக் கிடக்கும். பிளேயர், அதாவது கைப்பேசியில் காட்சியை ஓட்டும் மென்பொருள், மூன்று துண்டுகளைக் கையிருப்பாக வைத்துக்கொள்வதால் 18 விநாடி போயிற்று. மற்ற வேலைகளும் சேர்ந்தால் 25, 30 ஆகிவிடும்.

ஏன் துண்டு போட வேண்டும்? அழகே இங்குதான். விநாடிக்கு 25 ஃபிரேம் (தனித்தனி அசையாப் படங்கள்) ஓடும் 1080பி காட்சியைச் சுருக்காமல் அனுப்பினால் விநாடிக்குச் சுமார் 62 கோடி பிட். சுருக்கிய பின் நமக்கு வருவது ஏறக்குறைய 50 லட்சம். முழுப் படம் எப்போதாவது ஒன்றுதான். அதன் பெயர் ஐ-ஃபிரேம். மற்றவற்றில் மாறியது மட்டும் இருக்கும்: புல்தரை அப்படியே, பந்து இவ்வளவு நகர்ந்தது. ஆகவே நடுவில் நுழைந்து படிக்க முடியாது. ஒவ்வொரு துண்டும் ஐ-ஃபிரேமில் தொடங்க வேண்டும். ஒரே காட்சியைப் பல தரங்களில் தயாரித்து, எல்லாவற்றையும் ஒரே கணத்தில் வெட்டுகிறார்கள். 6 விநாடித் துண்டு இறங்க 5 விநாடி பிடித்தால் பிளேயர் உஷாராகி, அடுத்ததைக் குறைந்த தரத்தில் கேட்கும். வெட்டு ஒத்திருப்பதால் காட்சி தடைபடாது. ஒரு ஃபிரேம் பிசகினாலும் அந்த இடத்தில் படம் குதிக்கும்.

துண்டு சாதாரணக் கோப்பு என்பதால் ஊருக்கு ஊர் சர்வர்களில் நகல் வைத்துப் பரிமாறலாம். 2023 உலகக் கோப்பை இறுதிப் போட்டியை ஹாட்ஸ்டாரில் ஒரே நேரத்தில் 5.9 கோடிப் பேர் பார்க்க முடிந்ததில் இதற்குப் பெரும் பங்குண்டு.

துண்டையும் பொடித்து அனுப்பித் தாமதத்தைச் சில விநாடிகளாக்கும் முறையை ஆப்பிள் 2019-இல் அறிவித்தது. ஆனால் கையிருப்பு குறைந்தால், ஓடும் ரயிலில் சிக்னல் சற்றுத் தடுமாறினாலும் படம் நின்றுவிடும். நின்று நின்று ஓடுவதைவிட 25 விநாடித் தாமதம் எவ்வளவோ மேல் என்பதே என் கட்சி.

ஒன்று செய்யலாம். படம் நின்று மீண்டும் ஓடினால், நின்ற நேரமும் தாமதத்தில் சேர்ந்துவிடும். 'லைவ்' பொத்தானை அழுத்துங்கள், அது கழிந்துவிடும். ஸ்கோர் செயலிகளின் அறிவிப்பையும் அணைத்து வையுங்கள். அவை உங்கள் படத்துக்காகக் காத்திருப்பதில்லை.